மூன்றாம் சுற்று

மேல்கணக்கு, பொகவந்தலாவை
28.1.1985

அன்புள்ள அண்ணனுக்கும் அண்ணிக்கும்,

இங்கே பனி கொட்டுகிறது, உடம்புக்குக் குறையில்லை. பொங்கலுக்கு ஒரு வரி எழுதுவீர்கள் என்று பார்த்திருந்தேன். மன்னார்ப் பக்கம் போனதும் தங்கச்சியை மறந்தாயிற்று.

தோட்டத்தில் இப்போது வாரம் மூன்று நாள்தான் வேலை. அதனால் என் வீட்டுக்காரரை, உங்கள் மாப்பிள்ளையை, நெல் அறுப்புக்கு அங்கே அனுப்புகிறேன். காலையில் பேர் பதிகிற பெரட்டுக்கு ஆட்களைக் கூப்பிட்டுத் தப்படிக்கிற வேலைக்குத் தன் தம்பியை நிறுத்தியிருக்கிறார். தப்பையும் கொண்டுபோவேன் என்று ஒரே பிடிவாதம். வழியில் ஆமி மறிக்கும் என்று பிடுங்கி வைத்துவிட்டேன்.

அவரைத் தனியே விடாதீர்கள் அண்ணா. வெகுளி மனுஷன்.

உங்கள் தங்கை,
ராக்கம்மா


பாப்பாமோட்டை
17.2.1985

அன்புத் தங்கச்சிக்கு,

மாப்பிள்ளை சின்னராசா சுகமாக வந்து சேர்ந்தார். நீ கொடுத்துவிட்ட தேயிலையை அண்ணி அலுமாரியில் பூட்டிவிட்டாள். எனக்கே கெஞ்சினால்தான் கிடைக்கிறது.

பகலெல்லாம் அரிவு வெட்டு. சாயங்காலம் எனக்கும் அவருக்கும் தப்புப் பேச்சு. சாவுச் சேதிக்கு நான் அடிக்கிற சாவு அடி வேகமாம். உட்கார்ந்திருந்த கதிரைப் பலகையில் தட்டிக் காட்டினார். "மூணு சுத்து மெதுவா அடிக்கணும் மச்சான். மொத சுத்து கேக்குறப்ப ஆளு கைவேலையில இருக்கும். ரெண்டாவதுல யாருன்னு யோசிக்கும். மூணாவதுல யோசனையே இருக்காது, காலு தானா சாவு வீட்டுக்குக் கெளம்பிடும்" என்றார். முப்பது வருஷமாக அடிக்கிற எனக்கு இது தோன்றவில்லையே என்று வெட்கமாக இருந்தது.

வெட்டு முடிந்ததும் நானே பஸ் ஏற்றி விடுகிறேன்.

அண்ணன்,
இராமலிங்கம்


மேல்கணக்கு
14.3.1985

அண்ணா,

தந்தியும் கிடைத்தது, கடிதமும் கிடைத்தது. வயலில் நின்றவரை ஆமி சுட்டுவிட்டது என்று எழுதியிருக்கிறீர்கள். நேற்று அவருடைய பையைக் கொண்டுவந்து தந்த உங்கள் ஊர் இன்னாசிமுத்து, "அண்டைக்கு வயலிலை ஒருத்தரும் இல்லைப் பிள்ளை. தப்புச் சத்தம் கேட்டெல்லோ அவர் ஓடினவர்" என்றார்.

அந்த ஊரில் தப்பு வைத்திருப்பது நீங்கள் ஒருவர்தான். வந்த கடிதமும் அண்ணியின் கையெழுத்து. என்னிடம் மறைக்காதீர்கள்.

ராக்கம்மா


பாப்பாமோட்டை
29.3.1985

தங்கச்சி,

நான் சொல்லச் சொல்ல அண்ணி எழுதுகிறாள். அடித்தது நான்தான்.

இரண்டாம் தேதி விடிய ஆமி வந்தது. முதலில் அகப்பட்டவன் நான். சுவரில் தொங்கிய தப்பைக் கண்டு, அவர்களோடு வந்த தமிழ் தெரிந்த ஒருவன், "அடிச்சு எல்லாரையும் சந்திக்குக் கூப்பிடு" என்றான். போன தடவை அப்படிக் கூடியவர்களில் பதினொரு பேரை ஏற்றிப்போனார்கள். ஒருவரும் திரும்பவில்லை. அதற்குப் பிறகு ஊருக்குள் பேசி வைத்திருந்தோம். மறுபடி அடிக்கச் சொன்னால் நான் சாவு அடி அடிப்பது, கேட்டவர்கள் காட்டுக்குள் ஓடுவது. இதை மாப்பிள்ளையிடம் சொல்ல மறந்துவிட்டேன். கதிரையில் தட்டிக்கொண்டிருந்த அன்றைக்காவது சொல்லியிருக்கலாம்.

முதல் சுற்றில் நாய்கள் குரைத்தன. கிழக்கு வீடுகளில் ஆட்கள் ஓடுகிறார்கள் என்று தெரிந்தது. இரண்டாம் சுற்றில் மாப்பிள்ளை குளத்திலிருந்து ஈர வேட்டியோடு என்னை நோக்கி ஓடி வந்தார். "மச்சான்! யாருக்கு என்னாச்சு? அக்காவுக்கா?" என்று உன் அண்ணியை நினைத்துக் கத்தினார்.

நான் நிறுத்தியிருந்தால் அவர் நின்றிருப்பார். ஆனால் மேற்கு வீடுகளில் இன்னும் அசைவு இல்லை. எல்லாம் குழந்தை குட்டிகள் இருக்கிற வீடுகள். அவரைப் பார்த்துக்கொண்டே மூன்றாம் சுற்றையும் அடித்தேன். அவருடைய ஓட்டம் கூடியது. நெஞ்சில் இரண்டு வெடி. விழுந்த பிறகு தலையில் ஒன்று. அப்போதும் என் கை நிற்கவில்லை.

வீடுகள் வெறுமையாகக் கிடந்ததைக் கண்டதும் அவர்களுக்கு விளங்கிவிட்டது. என் இரண்டு கையையும் கல்லில் வைத்து, சுட்ட துவக்கின் பிடியால் ஒவ்வொரு விரலாக இடித்தார்கள். தமிழ் தெரிந்தவன் பக்கத்தில் நின்று எண்ணினான். பத்து வரைக்கும் எண்ணினான்.

முப்பத்தொரு வீட்டுச் சனம் தப்பியது. வயல் என்று பொய் எழுதச் சொன்னவன் நான். திட்டியாவது ஒரு வரி எழுது.

இராமலிங்கம்


மேல்கணக்கு
21.4.1985

அன்புள்ள அண்ணிக்கு,

அவர் ஓடி வருவதை அண்ணன் கண்டார் என்ற இடம் வரைக்கும்தான் என்னால் வாசிக்க முடிந்தது. மிச்சத்தை என் கொழுந்தன் வாசித்தான். மாமியார் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "எத்தன வீடுன்னு சொன்ன? திருப்பிப் படி" என்றாள். அவன் படித்தான். இன்னொரு தடவையும் படிக்கச் சொன்னாள். பிறகுதான் அழுதாள்.

அண்ணன் செய்தது பிழை என்று நான் யாரிடமும் சொல்லமாட்டேன். அந்தப் பிள்ளைகள் நன்றாக இருக்கட்டும். ஆனால் அவர்களில் ஒருவரையும் எனக்குத் தெரியாது அண்ணி. எனக்குத் தெரிந்தது ஒருவரைத்தான்.

முறிவுக்குப் போடுகிற எண்ணெய் ஒரு போத்தல் இன்னாசிமுத்துவிடம் கொடுத்து அனுப்புகிறேன். இரண்டு வேளையும் தடவி, துணியால் இறுக்கிக் கட்டுங்கள். நான் அனுப்பியது என்று சொல்லவேண்டாம்.

நீங்கள் எழுதினால் பதில் போடுவேன். அண்ணன் சொல்லச் சொல்ல எழுதாதீர்கள்.

ராக்கம்மா