பெனோனி என்று யாரைக் கூப்பிடுவது

திண்டுக்கல்,
ஞாயிறு பிற்பகல்.

அன்பு மகன் ஆனந்த்ராஜுக்கு,

நானும் அப்பாவும் கர்த்தருடைய கிருபையில் சுகமாக இருக்கிறோம், அப்பாவுக்கு இடது முழங்கால் மட்டும் படி ஏறும்போது வலிக்கிறது, முப்பத்திரண்டு வருஷம் டவுன் பஸ்ஸில் நின்றே டிக்கெட் கிழித்தவர், வலிக்காமல் என்ன செய்யும். நீங்கள் மூன்று பேரும் சுகம் என்று நீ தினமும் சொல்கிறாய், நானும் சரி என்கிறேன், ஆனால் போனில் சத்யாவின் முகத்தைப் பார்த்தபின் அதை அப்படியே நம்ப எனக்கு மனசு வரவில்லை. இந்தக் காலத்தில் எதற்கம்மா கடிதம் என்று நீ கேட்பாய். போனில் எனக்குப் பேச்சுக்கு முன்னால் அழுகை வந்துவிடுகிறது, நீயும் ஸ்பீக்கரில் போட்டுவிடுகிறாய். இதை முதலில் நீ தனியாக உட்கார்ந்து படி, அதற்குப் பிறகு சத்யாவிடம் கொடுப்பதா வேண்டாமா என்று நீயே பார்த்துக்கொள். நான் துணி தைக்கும் கடை இஷாக் பாயின் மருமகள் வியாழக்கிழமை நியூசிலாந்துக்குப் புறப்படுகிறாள், அவள் இருக்கும் இடம் உன் ஊரிலிருந்து காரில் இரண்டு மணி நேரம்தானாம், அவள் கையில் கொடுத்துவிடுகிறேன். கூடவே என் பழைய நூல் சேலைகளைக் கிழித்து ஓரம் அடித்து இருபது துணி வைத்திருக்கிறேன், கடையில் வாங்கும் துணி பிள்ளையின் தோலுக்கு உறுத்தும். பேறுகால லேகியமும் கிளறி டப்பாவில் அடைத்தேன், விமான நிலையத்தில் பிடுங்கிக் குப்பையில் போட்டுவிடுவார்கள் என்று அந்தப் பெண் சொல்லிவிட்டாள், இப்போது அதை உன் அப்பா காலையும் மாலையும் உருட்டி விழுங்கிக்கொண்டிருக்கிறார். நத்தத்தில் உன் மாமா அழகுராஜா தோப்பில் இந்த வருஷம் காய்ப்புக் குறைவு, இருந்தாலும் ஒரு கூடை மாம்பழம் கொடுத்துவிட்டான், நீ இல்லாமல் தின்பதற்கு எனக்கு இறங்கவில்லை.

பெயர் விஷயத்துக்கு வருகிறேன். போன வாரம் நீ அனுப்பிய செய்தியை அப்பாதான் வாசித்துக் காட்டினார். பிள்ளைக்குப் பெனோனி என்று பேர் வைக்கப் போகிறோம், எபிரேயப் பேர், சத்யா தேடி எடுத்தது, யாருக்குமே இல்லாத பேர், மாசக் கடைசிக்குள் பதிய வேண்டும், அர்த்தம் மட்டும் இப்போது கேட்காதீர்கள் என்று எழுதியிருந்தாய். எனக்கு அந்தக் கடைசி வரி அப்போது மண்டையில் ஏறவில்லை. பேர் வாயில் வழுக்கிக்கொண்டு வந்தது, பெனோனி, பெனோனிக்குட்டி என்று நாள் முழுக்கச் சொல்லிப் பார்த்தேன். ஐந்து வாரமாக இந்த வீட்டில் சிரிப்புச் சத்தமே இல்லை அப்பு. இரண்டு பேராய் வந்த உன் பிள்ளைகளில் ஒருவன் ஒரே நாள் இருந்துவிட்டுப் போனதும், இன்னொருவன் கண்ணாடிப் பெட்டிக்குள் மூன்று வாரம் கிடந்ததும், விசா கிடைக்காமல் நான் இங்கே சுவரைப் பார்த்துக்கொண்டு இருந்ததும் உனக்குத் தெரியாததா. ஒரு பேர் வந்ததும் ஏதோ நல்லது ஆரம்பிக்கிறது என்றுதான் நினைத்தேன். கடையில் எல்லாரிடமும் சொன்னேன். இஷாக் பாய் கத்தரிக்கோலை வைத்துவிட்டு, "பென்னுன்னா மகனாத்தான் இருக்கும் தங்கச்சி, எங்க அரபில பின்னுன்னு சொல்ற மாதிரி. ஓனிதான் என்னன்னு தெரியல" என்றார். அதையும் தெரிந்துகொண்டுவிடலாம் என்று சாயங்காலம் ஆலயத்துக்குப் போனேன், ஞாயிறு ஆராதனையில் பேரைச் சொல்லி ஜெபிக்கக் கொடுக்க வேண்டியும் இருந்தது.

நம் சபைக்கு உதவி ஆயராகக் கீர்த்தனா என்று ஒரு பெண் வந்திருக்கிறாள், உன்னைவிட மூன்று வயது சின்னவள், வேதக் கல்லூரியில் எபிரேய மொழி படித்தவள். நான் சீட்டில் எழுதிக் கொடுத்த பேரை இரண்டு தடவை வாசித்தாள். யார் வைத்தது என்று கேட்டாள், மருமகள் என்றேன். உட்காருங்கம்மா என்று நாற்காலி போட்டாள். வேதத்தில் யாக்கோபின் மனைவி ராகேல் வழிப்பயணத்தில் பிரசவ வேதனைப்பட்டு, உயிர் போகிற நேரத்தில் பிறந்த மகனுக்கு வைத்த பேர்தான் பெனோனி, என் துக்கத்தின் மகன் என்று அர்த்தம் என்றாள். தகப்பன் யாக்கோபு அந்தப் பேரை விடவில்லை, பென்யமீன் என்று மாற்றிவிட்டார், வலது கையின் மகன் என்று. அதனால்தான் பென்யமீன் ஊரெல்லாம் இருக்கிறார்கள், பெனோனியை எங்குமே பார்க்க முடிவதில்லை. என் முகம் போன போக்கைப் பார்த்து அவளே இன்னொன்றும் சொன்னாள், ஓன் என்கிற சொல்லுக்கு அந்த மொழியில் பெலன், சக்தி என்றும் ஒரு பொருள் உண்டாம், வேதத்திலேயே வேறோர் இடத்தில் அப்படி வருகிறதாம், அதனால் என் பெலனின் மகன் என்று சொல்லுகிறவர்களும் இருக்கிறார்களாம். பஸ்ஸில் வரும் வழியெல்லாம் நான் அந்தப் பெலனையே கெட்டியாகப் பிடித்துக்கொண்டு வந்தேன். யாராவது கேட்டால் பெலன் என்று சொல்லிவிடலாம், யாருக்கு எபிரேயம் தெரியும் என்று. வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றும்போதுதான் நீ எழுதிய கடைசி வரி உறைத்தது. உங்கள் இரண்டு பேருக்கும் அர்த்தம் தெரியும். சத்யா பெலனுக்காக அந்தப் பேரை எடுக்கவில்லை.

அப்பு, உன் அம்மா பேர் போதும்பொண்ணு. நீ பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது படிவத்தில் என் பேரை எழுதக் கூச்சப்பட்டு, ஞானஸ்நானத்தில் எனக்கு வைத்த கிரேஸ் என்ற பேரை எழுதிக் கொடுத்தாய், எனக்கு அது தெரியும், நான் ஒன்றும் சொன்னதில்லை. நான்காவதும் பெண்ணாகப் பிறந்ததால் என் அப்பா வைத்த பேர் அது. அவர் கெட்டவர் இல்லை. என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு அய்யலூர்ச் சந்தைக்குப் போவார், எனக்குத்தான் முதலில் பலகாரம் வாங்கித் தருவார். ஆனாலும் ஒரு நாளைக்கு முப்பது தடவை அவர் வாயால் போதும் போதும் என்று கேட்டு வளர்ந்தவள் நான். எனக்குப் பிறகு அழகுராஜா பிறந்ததும், பேர் பலித்துவிட்டது என்று ஊரே என் கன்னத்தைக் கிள்ளியது. நான் வந்ததில் யாருக்கும் சந்தோஷமில்லை, என்னோடு நின்றுபோனதில்தான் சந்தோஷம் என்று எனக்கு ஆறு வயதிலேயே புரிந்துவிட்டது. யாரும் திட்டவில்லை, அடிக்கவில்லை, கூப்பிட்டார்கள், அவ்வளவுதான். உன் அப்பா ஒருத்தர்தான் கல்யாணமான நாளிலிருந்து முன்பாதியை விட்டுவிட்டுப் பொண்ணு என்று மட்டும் கூப்பிடுகிறவர். ஆகவே உன் பிள்ளை ஐந்து வயதில் உன்னிடம் வந்து என் பேருக்கு என்னப்பா அர்த்தம் என்று கேட்கிற நாளை நினைத்து எனக்குப் பயம் வந்தது. பேரை மாற்று என்று அன்றைக்கே போன் போட எடுத்தேன். உன் அப்பா கையைப் பிடித்துக்கொண்டார்.

அவர் அப்போது அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தார். நான் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, "அந்தப் புள்ள துக்கத்தை எங்கிட்டுக் கொண்டுபோய் வைக்கும் பொண்ணு? போனவனுக்குத்தான் ஒரு பேருகூட இல்லையே" என்றார்.  இன்னொரு காயை உரித்துப் போட்டுவிட்டு, முறத்தைப் பார்த்துக்கொண்டே, "நம்ம மூத்தவளுக்குப் பேரு இருக்கு" என்றார். உனக்கு இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு பெண்பிள்ளை பிறந்து தங்காமல் போனது என்பது வரைக்கும் உனக்குத் தெரியும். இரண்டு நாள் இருந்தாள். ஆஸ்பத்திரிச் சீட்டில் பேபி ஆஃப் போதும்பொண்ணு என்றுதான் எழுதியிருந்தது. நான் பால் கட்டிக் காய்ச்சலில் கிடந்தேன், அப்பாவும் பெரியப்பாவும்தான் துணியில் சுற்றிக் கல்லறைத் தோட்டத்துக்குக் கொண்டுபோனார்கள். எனக்கு அவள் முகம் நினைவிருக்கிறது, கூப்பிடத்தான் ஒன்றுமில்லை. எத்தனை பிள்ளை என்று கேட்டால் ஒண்ணு என்று சொல்லிப் பழகிவிட்டேன். எந்தப் பேர், எப்போது வைத்தீர்கள் என்று கேட்டேன். "அடக்கம் பண்றப்ப ஆயரு பேரு என்னன்னு கேட்டாரு. இன்னும் வைக்கலைன்னு அண்ணன் சொன்னாரு. எனக்குத் தாங்கல. எப்சிபான்னு சொல்லிட்டேன். அந்தப் பேரச் சொல்லித்தான் ஜெபம் பண்ணாரு" என்றார். அதுவும் எபிரேயப் பேர்தான், அவள் மேல் எனக்குப் பிரியம் என்று அர்த்தமாம். அந்த நேரத்தில் அது எப்படி வாயில் வந்தது என்று கேட்டேன். "அப்பத் தேடுனது இல்ல பொண்ணு. பொண்ணு பாக்க வந்து உன் பேரைக் கேட்டேன்ல, அன்னைக்கே தேடி வச்சது. நமக்குப் பொம்பளப் புள்ளை பொறந்தா வைக்கணும்னு" என்றார்.

எனக்குக் கோபம்தான் முதலில் வந்தது. முப்பத்தொரு வருஷம் அப்பு, ஒரே வீட்டில் என் பக்கத்தில் அந்தப் பேரை வாய்க்குள் வைத்துக்கொண்டு ஒரு மனுஷன் இருந்திருக்கிறார். ஏன் சொல்லவில்லை என்று கத்தினேன், எதிர்வீட்டு ராமுத்தாய் என்னவோ ஏதோ என்று எட்டிப் பார்த்தாள். சொன்னா நீ ஏங்கிப் போவன்னு பயந்தேன், அப்புறம் ஆனந்த் வந்துட்டான், அதுக்கப்புறம் எப்பிடி ஆரம்பிக்கிறதுன்னே தெரியல என்றார். அன்றைக்கு ராத்திரிச் சாப்பாடு வரைக்கும் நான் அவரோடு பேசவில்லை. தட்டில் அவரைக்காய் வெஞ்சனம் வைக்கப் போனபோது பார்த்தேன், சோற்றைப் பிசைந்து பிசைந்து வைத்திருந்தார், ஒரு வாய்கூட எடுக்கவில்லை. நான் மட்டும் சுமந்தேன் என்று இத்தனை நாள் நினைத்திருந்தது தப்பு. இன்று காலை ஆராதனை முடிந்து இரண்டு பேரும் கல்லறைத் தோட்டத்துக்குப் போனோம். இடம் சரியாகத் தெரியவில்லை, சுற்றுச்சுவரை இடித்துக் கட்டியதில் அந்த மூலையே மாறிவிட்டது, ஏறக்குறைய இங்கே என்று அப்பா காட்டினார். நான் குனிந்து எப்சிபா என்று கூப்பிட்டேன். வேறு ஒன்றும் சொல்லத் தோன்றவில்லை. அழுவேன் என்றுதான் முந்தானையை எடுத்துக்கொண்டு போனேன், அழுகை வரவில்லை. பெற்ற பிள்ளையைக் கூப்பிட்டுவிட்டு வந்த மாதிரி இருந்தது.

அதனால்தான் எழுதுகிறேன். பேரை மாற்று என்று நான் சொல்லப்போவதில்லை. ராகேல் சாகும் நேரத்தில் வைத்த பேரை எடுத்துவிட்டார்களே, அவளை ஒரு வார்த்தை யாரும் கேட்கவில்லையே என்றும் எனக்கு இருக்கிறது. சத்யாவிடமிருந்து அந்தப் பேரை யாரும் பிடுங்க வேண்டாம். யாருக்காக அவள் அதைத் தேடினாளோ, அந்தப் போனவனுக்கே அதைக் கொடுக்கலாமா என்று மட்டும் கேட்டுப் பார். பதியும் தாளில் அவனுக்கு ஓர் இடம் இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது, தாளில் இல்லாவிட்டாலும் போகிறது. இருக்கிறவனைப் பார்க்கும்போதெல்லாம் அவள் மனசு இன்னொருவனைத் தேடத்தான் செய்யும், அதை நாம் தடுக்க முடியாது. கூப்பிடும்போதாவது இவன் இவனாக இருக்கட்டும்.

இன்று செவ்வாய்க்கிழமை, மறுபடியும் எழுதுகிறேன். கடிதத்தை ஒட்டாமல் வைத்திருந்தேன், நல்லதாகப் போயிற்று. இன்று காலை நீ வேலைக்குப் போயிருந்த நேரத்தில் சத்யா போன் பண்ணினாள். பிள்ளைக்கு விக்கல் நிற்கவில்லை, என்ன செய்யலாம் என்று கேட்டாள், தோளில் போட்டுத் தட்டச் சொன்னேன், நின்றது. பிறகு, "அத்தை, பேரைப் பத்தி ஒண்ணுமே சொல்லலையே, பிடிக்கலையா" என்றாள். நீ முதலில் படித்துப் பக்குவமாகச் சொல்வாய் என்று நினைத்ததெல்லாம் போயிற்று, எனக்கு மழுப்ப வரவில்லை. எப்சிபாவைப் பற்றிச் சொன்னேன், அப்பா செய்ததைச் சொன்னேன், கல்லறைத் தோட்டத்துக்குப் போனதைச் சொன்னேன்.  அப்புறம் அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "அத்தை, நான் அவனைத்தான் பெனோனின்னு கூப்பிட்டுக்கிட்டு இருக்கேன். ஆஸ்பத்திரில இருந்தே. இவனைத் தூக்கும்போது அந்தப் பேரு வாயில வரவே மாட்டேங்குது. வீட்டுக்கு வந்து ரெண்டு வாரமாச்சு, இவனை நான் இன்னும் ஒரு தடவைகூடப் பேரு சொல்லிக் கூப்பிடல. ஆனந்துகிட்ட சொல்லப் பயமா இருக்கு, எனக்கு என்னமோ ஆயிருச்சுன்னு நெனச்சிருவாரு." உனக்கு ஒண்ணும் ஆகலம்மா, உனக்கு ரெண்டு புள்ளை, பேரு ஒண்ணுதான் வச்சிருக்க, அம்புட்டுத்தான் என்றேன். ஓவென்று அழுதாள். அழட்டும் என்று நானும் போனைப் பிடித்துக்கொண்டே இருந்தேன். கடைசியில் மூக்கைச் சிந்திவிட்டு, இவனுக்கு நீங்களே ஒரு பேரு சொல்லுங்க அத்தை என்றாள். நான் மாட்டேன் என்றுவிட்டேன். அவன் முகத்தை ஒரு வாரம் நன்றாகப் பாருங்கள், இரண்டு பேரும் சேர்ந்து பாருங்கள், எபிரேயமோ தமிழோ எதுவாகவும் இருக்கட்டும், அவனைப் பார்த்ததும் வாயில் வருவதாக இருக்கட்டும். சத்யா சொன்னதை உனக்கு எழுதப்போகிறேன் என்று அவளிடமும் சொல்லிவிட்டேன். நீ கோபப்படாதே, ஏன் என்னிடம் சொல்லவில்லை என்று கேட்காதே. உன் அப்பாவுக்கு முப்பத்தொரு வருஷம் ஆயிற்று, அவள் இரண்டு வாரத்தில் சொல்லிவிட்டாள். வேலையிலிருந்து வந்ததும் நீ பிள்ளையை வாங்கிக்கொண்டு அவளைச் செத்த நேரம் தூங்க விடு. சேலைத் துணிகளை வெந்நீரில் ஒருமுறை அலசிவிட்டுப் பயன்படுத்துங்கள், சோப்பு அதிகம் போடாதே. குளிருக்குப் பிள்ளையின் காதை மூடு, மூக்கை மூடிவிடாதே.

கர்த்தர் உங்கள் போக்கையும் வரத்தையும் காத்துக்கொள்ளட்டும். உன்னையும் சத்யாவையும், உங்கள் மகன்கள் இரண்டு பேரையும் பேர் சொல்லி ஆசீர்வதிக்கட்டும்.

பிரியம் மாறாத
அம்மா