நான் சொல்லச் சொல்ல அவள் எழுதிய கடிதம்

ஜூன் 2, திங்கள்

காலையிலேயே மழை. குடை கல்லூரியில், நான் காக்ஸ் டவுன் வீட்டில். செல்வின்தான் ஸ்கூட்டரில் கொண்டுபோய் விட்டார். கட்டிக்கொண்ட பாவம். வழியெல்லாம் "டீச்சரம்மா குடை மறந்தா என்ன பனிஷ்மென்ட்?" என்று ஒரே நக்கல்.

இரண்டாம் வருட பி.காம்., புள்ளியியல் தேர்வு. நாலாம் ஹாலில் மேற்பார்வை நான். பத்தரைக்கு ஒருத்தி மாட்டினாள். நித்யா. கே.ஜி.எஃப். பெண், தினம் ரயிலில் வருகிறவள். கால்குலேட்டர் மூடியின் உள்பக்கம் பென்சிலில் வரிசையாக எண்கள்.

"மேடம், அது வந்து..."

"அதெல்லாம் அப்புறம். முதல்ல வெளிய வா."

தேர்வு அலுவலகத்தில் வழக்கம்போல மன்னிப்புக் கடிதம். அதை எழுதிக் கொடுத்தால்தான் அடுத்த தேர்வுக்கு உட்கார விடுவோம். பிள்ளைகளுக்கு என்ன எழுதுவதென்று தெரியாது. நான் சொல்லச் சொல்ல எழுதுவார்கள். பதினோரு வருடமாக ஒரே கடிதம். 'மனம் தளர்ந்த ஒரு நொடியில் என் பெற்றோரின் வியர்வையை மறந்தேன்' என்று நடுவில் ஒரு வரி வரும். என் சொந்தச் சரக்கு. இங்கிலீஷில் இன்னும் ஜோராக இருக்கும்.

"இதை எழுதினா விட்டுருவீங்களா மேடம்?"

"சும்மா ஃபார்மாலிட்டிதாம்மா."

அழுதுகொண்டே கையெழுத்துப் போட்டாள். மூக்கு சிவந்துவிட்டது, பாவம்.

வாங்க வேண்டியவை: புளி, பாத்ரூம் பல்பு, ரிச்சிக்கு பிஸ்கட்.

ஜூன் 4, புதன்

வெயில். ரிச்சிக்கு பிஸ்கட் வாங்கியாச்சு, வாலை ஆட்டி வீட்டையே ரெண்டாக்கியது. புளி மறந்தாச்சு.

சுற்றறிக்கை வந்தது. தேர்வு முறைகேடு விசாரணைக் குழுவுக்குப் புது உறுப்பினர்: நான்! வெள்ளி 11 மணி. எத்தனை வருஷத்து ஆசை. பேக்கரியில் ஆறு பஃப்ஸ் வாங்கினேன்.

செல்வின் பஃப்ஸைக் கடித்துக்கொண்டே, "முதல் கேஸ் யாரு?"

"நித்யா. நான் பிடிச்சேனே, அந்தப் பொண்ணு."

"பிடிச்சதும் நீ, தீர்ப்பு சொல்றதும் நீயா? நல்லா இருக்கே. ரிச்சி பக்கத்து வீட்டுப் பூனையைத் துரத்திட்டு, அதுவே ஜட்ஜா உக்காந்தா எப்படி இருக்கும்?"

அனுபவம் இருக்கிறது என்றுதான் போட்டிருக்கிறார்கள் என்றேன். இரண்டாவது பஃப்ஸ் அவருக்குக் கிடையாது.

ஜூன் 6, வெள்ளி

காலையில் மயில் கழுத்துக் கலர் புடவை. குழுவில் மூன்று பேர். தலைவர் ஹெக்டே சார், லைப்ரரி மேடம், நான். கதவு திறந்திருந்தது. நித்யா வெளியே பெஞ்சில்.

ஃபைலில் மொத்தம் மூன்று தாள். ஹெக்டே சார் மன்னிப்புக் கடிதத்தை எடுத்துக் கணீரென்று வாசித்தார். 'மனம் தளர்ந்த' வரி வந்ததும் நிறுத்தி, "எஷ்டு சென்னாகி பர்திதாளெ!" என்றார். கன்னடத்தில், எவ்வளவு அழகாக எழுதியிருக்கிறாள் என்று.

வெட்கத்தை விட்டு எழுதுகிறேன். முதலில் எனக்குக் குளுகுளுவென்று இருந்தது. பதினோரு வருடத்தில் முதல் பாராட்டு.

"அவளே ஒப்புக்கிட்டா. கூப்பிட்டு வேற கேக்கணுமா? இந்த செமஸ்டர் மொத்தப் பேப்பரும் கேன்சல். ஒரு வருஷம் போகும், என்ன பண்றது. ஸைன் பண்ணுங்க மேடம்" என்றார் ஹெக்டே சார்.

பேனாவை எடுத்தேன். வெளியே அவள் துப்பட்டா நுனியை முறுக்கிக்கொண்டிருந்தாள். சும்மா ஃபார்மாலிட்டி என்று நான் சொன்னதை நம்பிக்கொண்டு. பேனாவைக் கீழே வைத்தேன்.

"சார், அது அவ எழுதினது இல்ல. நான் சொல்லி எழுத வச்சது."

லைப்ரரி மேடம் களுக்கென்று சிரித்துவிட்டார். ஹெக்டே சார் கண்ணாடியைக் கழற்றினார். "இந்த ஒண்ணா, எல்லாமா?"

"எல்லாமேதான் சார். பதினோரு வருஷமா."

நான் தீர்ப்பு சொல்லும் பக்கம் உட்காரக் கூடாது, சாட்சியாக வேண்டுமானால் இருக்கிறேன் என்று நாற்காலியைக் கரகரவென்று மேஜைக்கு அந்தப் பக்கம் இழுத்துப் போட்டேன். புடவை வேறு மாட்டிக்கொண்டது. மானம் போயிற்று. அப்புறம் நித்யாவைக் கூப்பிட்டார்கள்.

"என்னம்மா நம்பர் இது?" ஹெக்டே சாருக்குத் தமிழ் நன்றாகவே வரும்.

"சாயங்காலம் ஊருக்குப் போற ட்ரெயின் டைம் சார். ஹாலுக்குள்ள போன் கொண்டாரக் கூடாதுல்ல, அதான் எழுதி வச்சேன்."

லைப்ரரி மேடம் தன் போனில் ஒவ்வொன்றாகச் சரிபார்த்தார். "எல்லாம் சரி. இந்தக் கடைசி ஒண்ணு மட்டும் இல்லையே?"

"அதை போன மாசம் மாத்திட்டாங்க மேடம். நான் அழிக்கல."

ஹெக்டே சார் சத்தமாகச் சிரித்தார். "இதை அன்னிக்கே சொல்றதுக்கென்ன?"

நித்யா என்னைப் பார்த்தாள். அவள் சொல்ல வந்தாள், நான்தான் விடவில்லை என்று நானே சொன்னேன்.

கேஸ் தள்ளுபடி. மூடியில் எழுதியதற்கு ஒரு எச்சரிக்கை மட்டும். புள்ளியியல் அவளுக்குத் தனியாக, அடுத்த வாரம். இனிமேல் வெள்ளைத் தாள்தான். பிள்ளைகள் தங்கள் வார்த்தையில், எந்த மொழியில் வேண்டுமானாலும் எழுதலாம். கடிதங்கள் எப்படி வந்தன என்று நானும் எழுதித் தர வேண்டுமாம். பழைய ஃபைல்கள் எல்லாம் மறுபடி வெளியே வருகின்றன.

போகும்போது நித்யா, "மேடம், என் கால்குலேட்டர்?" என்றாள். என் கைப்பையிலேயே இருந்தது.

ஜூன் 8, ஞாயிறு

ஆராதனையில் பிரசங்கம் நீளம். மட்டன் நன்றாக வந்தது. புளி வாங்கியாச்சு, வாங்கின புது பல்பு ஃபியூஸ்.

மத்தியானம் முழுக்க ஹெக்டே சாருக்குக் கடிதம். முதல் தாளில் கை தானாக 'மனம் தளர்ந்த ஒரு நொடியில்' என்று ஆரம்பித்தது. கிழித்தேன். இரண்டாவதில் அனுபவம், சேவை, நல்லெண்ணம். அதையும் கிழித்தேன். ரிச்சி காகித உருண்டைகளோடு ஒரே கொண்டாட்டம்.

செல்வின் எட்டிப் பார்த்தார். "வரலன்னா அந்தப் பொண்ணைக் கூப்பிடு. அவ சொல்லச் சொல்ல நீ எழுது."

சிரித்துவிட்டேன். அவர் போன பிறகு பழைய பிள்ளைகளின் முகங்கள். அவர்களில் எத்தனை பேர் "அது வந்து..." என்று ஆரம்பித்தார்களோ. பேர் கூட ஞாபகம் இல்லை.

மூன்றாவது தாளும் கிழிந்தது. நாலாவது தாள். 'அவர்கள் சொல்ல வந்தார்கள். நான் கேட்கவில்லை.' அவ்வளவுதான் வருகிறது. கையெழுத்துப் போட்டுவிட்டேன்.