சிமெண்டுக் குதிரையின் காலடியில் பிடிக்கப்பட்ட வண்டிக் குதிரையை ஏலத்திற்கு முன் விடுவிக்கக் கோருதல்

அனுப்புநர்:
வே. சிவப்பிரகாஷ், பி.ஏ., பி.எல்.,
வழக்கறிஞர்,
கடைவீதி, எருக்கம்பாறை,
கொழிஞ்சாம்பாறை வழி, பாலக்காடு மாவட்டம்.

பெறுநர்:
மாவட்ட ஆட்சியர் அவர்கள்,
பாலக்காடு.

பொருள்: எருக்கம்பாறை கடைவீதியில் சரக்கு வண்டி இழுக்கும் குதிரையை, உரிமையாளர் இல்லாத கால்நடை எனப் பிடித்து, 20-02-2025 அன்று ஏலம் விடவிருப்பதை நிறுத்தக் கோருதல் தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. இம்மனுவை நான் வக்காலத்தின் பேரில் அளிக்கவில்லை. இவ்வூர்வாசி என்ற முறையிலும், நிகழ்ந்தவற்றுள் பெரும்பகுதியை நேரில் கண்டவன் என்ற முறையிலும் அளிக்கிறேன். நேரில் காணாதவற்றை அவ்வாறே குறிப்பிட்டுள்ளேன். இது தமிழர் மிகுந்த பகுதியாதலால் தமிழில் எழுதியுள்ளேன். பதில் மலையாளத்தில் வந்தாலும் ஆட்சேபம் இல்லை. பதில் வர வேண்டும் என்பதே வேண்டுகோள்.

2. குதிரையின் உரிமையாளர் திருமதி பழனாத்தாள், வயது 57. பொள்ளாச்சிப் பேருந்துகளில் வந்திறங்கும் காய்கறி மூட்டைகளை, ஆட்டோ நுழையத் தடையுள்ள கடைவீதிச் சந்துகளுக்குத் தம் வண்டியில் கொண்டு சேர்ப்பவர். அவருக்கு வேறு பிழைப்பு இல்லை. குதிரை செவலை நிறப் பெட்டை. நெற்றியில் வெள்ளைச் சுழி. நான்கு கால்களிலும் லாடம்.

3. இவ்வழக்கின் மையம் ஒரு பழக்கம் என்பதால், அதைச் சற்று விரிவாகச் சொல்ல அனுமதி வேண்டுகிறேன். ஆட்டோ வருவதற்கு முன் இவ்வூரின் போக்குவரத்து குதிரைகளின் மீதே நடந்தது. பேருந்தில் வந்த மாப்பிள்ளை வீட்டாரும், மில்லுக்குப் போன நிலக்கடலை மூட்டைகளும், பிரசவ வலி கண்ட பெண்களும், சினிமாக் கொட்டகையின் ஒலிபெருக்கியும் ஒரே வண்டிகளில்தான் சென்றனர். வண்டிப்பேட்டைக்குச் சற்றுத் தள்ளி, குறுகிய சந்தின் முனையில் கல் தண்ணீர்த்தொட்டி இருந்தது. வண்டியோடு உள்ளே போனால் திரும்ப முடியாது. ஆகவே வண்டியை நிறுத்தி, குதிரையை அவிழ்த்து, தனியே விட்டுவிடுவார்கள். அது போய்க் குடித்துவிட்டுத் தன் வண்டிக்கே திரும்பி வரும். கயிற்றைப் பிடித்துக்கொண்டு தொட்டிவரை கூடப் போகும் வண்டிக்காரரை, "என்னங்க மாப்ள, பொண்ணு பாக்கக் கூட்டிட்டுப் போறீங்களா?" என்று பேட்டையே கேலி செய்யும். தனியே விடுவது இங்கு அசட்டை அன்று. பழக்கிய குதிரைக்கு அளிக்கப்படும் மரியாதை. பேட்டையில் இன்று எஞ்சியிருப்பது பழனாத்தாளின் வண்டி ஒன்றே. பழக்கமும் அவரோடு எஞ்சியிருக்கிறது.

4. சென்ற மாதம் பஞ்சாயத்து அச்சந்தின் முனையைப் "பாரம்பரியச் சதுக்கம்" ஆக்கியது. குதிரை வண்டிகளின் வரலாற்றைப் போற்றும் பொருட்டு, சிமெண்டுக் குதிரை ஒன்றும் வண்டி ஒன்றும் நிறுவப்பட்டன. பீடத்திற்கு இடம் வேண்டித் தண்ணீர்த்தொட்டி உடைக்கப்பட்டது. திறப்பு விழாவில் நானும் இருந்தேன். வண்டிக் குதிரைகள் இவ்வூருக்குச் செய்த சேவை குறித்து மூவர் பேசினர். பழனாத்தாளுக்கு அழைப்பு இல்லை. அன்று அவர் விழாப் பந்தலின் நாற்காலிகளை அதே வண்டியில் ஏற்றிவந்து இறக்கிவிட்டுப் போனார்.

5. தொட்டி போனபின், தேநீர்க்கடை தங்கதுரை பீடத்தின் அருகில் ஒரு பிளாஸ்டிக் தொட்டியில் தண்ணீர் வைத்துவந்தார். 10-02-2025 காலை, சதுக்கத்தின் அழகைக் கெடுப்பதாகக் கூறி அதையும் பஞ்சாயத்து ஊழியர்கள் அகற்றிவிட்டனர். இது பழனாத்தாளுக்குத் தெரிவிக்கப்படவில்லை. நண்பகலில் வழக்கம்போல் குதிரையை அவிழ்த்துவிட்டார். குதிரை வழக்கமான இடத்திற்குச் சென்று, தண்ணீர் இல்லாததால், சிமெண்டுக் குதிரையின் காலடியில் காத்து நின்றது. வெளியூர்க்காரர்கள் இரண்டையும் சேர்த்துப் படம் எடுத்துக்கொண்டார்கள். அதுவரை எவரும் குறை சொல்லவில்லை. குதிரை புதிய தரைக்கல்லில் சாணமிட்டது. அதன் பிறகே அது உரிமையாளர் இல்லாத கால்நடை ஆயிற்று.

6. கடைக்காரர்கள் ஓடிவந்து சொல்லியும், ஊழியர்கள் பவுண்டு எனப்படும் கால்நடை அடைப்புத் தொழுவத்திற்கு அதைக் கொண்டுசென்றனர். வண்டிப்பேட்டை சதுக்கத்திலிருந்து கூப்பிடு தூரம், எவரும் கூப்பிடவில்லை.

7. தொழுவத்தில், ஓடும் மாட்டைக் கட்டுவதுபோல் கழுத்துக் கயிற்றை முன்னங்காலோடு சேர்த்துக் கட்டியிருந்தனர். குதிரையால் தலையை நிமிர்த்த முடியவில்லை. மிரண்டு விழுந்ததில் இடது முழங்கால் தோலுரிந்துள்ளது. விழுந்ததை நான் காணவில்லை, காயத்தைக் கண்டேன். கயிற்றைத் தளர்த்தக் கேட்டபோது, மேலிடத்து உத்தரவு வேண்டும் என்றனர்.

8. மறுநாள் பஞ்சாயத்து அலுவலகத்திற்குப் பழனாத்தாளுடன் நானும் சென்றேன். எழுத்தர் திரு. லிபின் மரியாதையாகவே நடந்துகொண்டார். அங்கு நிகழ்ந்த உரையாடலை, கூட்டாமல் குறைக்காமல் பதிவு செய்கிறேன்.

"சேச்சி, சிஸ்டத்துல குதிரை காணிக்கலை. பசு, எருமை, ஆடு, நாய், அவ்வளவுதான் உண்டு. ஏதாவது ஒண்ணு சொல்லுங்க" என்றார் எழுத்தர்.

"நாயின்னே போட்டுக்குங்க தம்பி. வண்டிய நானே இழுத்துக்கறேன்" என்றார் பழனாத்தாள்.

எழுத்தர் 'பசு' எனப் பதிவு செய்தார். பசு என்றதும் கணினி, மாடுகளின் காதில் அடையாளத்துக்குக் குத்தும் காது வில்லையின் எண்ணைக் கேட்டது. குதிரைக்குக் காது வில்லை கிடையாது. எண் இல்லாததால் உரிமை நிரூபிக்கப்படவில்லை என்று முடிவாயிற்று. லாடம் அடித்தவரையும், ஏழு கடைக்காரர்களையும் சாட்சிகளாக நிறுத்த முன்வந்தேன். அதற்கான கட்டம் கணினியில் இல்லை.

9. பின்னர் பஞ்சாயத்துச் செயலாளர் ஒரு வழி கூறினார். குதிரையைப் பராமரிக்காமல் கைவிட்டதாகவும், இனி அவ்வாறு நேர்ந்தால் அதன்மீது உரிமை கோருவதில்லை என்றும் கையொப்பமிட்டால் அன்றே விடுவிப்பதாகச் சொன்னார். சிக்கலைக் கருதி, ஆட்சேபத்துடன் கையொப்பமிடலாம் என்பதே என் ஆலோசனையாக இருந்தது. பழனாத்தாள் ஏற்கவில்லை. "அவுத்து உட்டது நாந்தானுங்க. அதுக்கு என்ன தண்டனையோ குடுங்க, வாங்கிக்கறேன். கைவிட்டேன்னு மட்டும் எழுதித் தர மாட்டேனுங்க. அது தண்ணி குடிக்கப் போச்சுங்க. தண்ணியக் காணாம ஆக்குனது நானுங்களா?" என்றார். யோசித்துப் பார்க்கையில், சட்டப்படியும் அவர் நிலையே சரியானது. பொய்யான வாக்குமூலத்தில் கையொப்பமிடச் சொல்லும் உரிமை எந்த அலுவலகத்திற்கும் இல்லை, எனக்கும் இல்லை.

10. ஊர் சுற்றும் கால்நடைகளைப் பிடித்து அடைக்கும் அதிகாரம் பஞ்சாயத்துக்கு உண்டென்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் இக்குதிரை ஊர் சுற்றவில்லை. ஒரே இடத்தில் நின்றது. லாடம் அடித்த குதிரைக்கு, அதை அடிப்பித்த ஒருவர் இருந்தாக வேண்டும். தரைக்கல் அசுத்தமானதற்கு அபராதம் விதித்தால், அதைச் செலுத்த அவர் ஆயத்தமாக உள்ளார். அபராதம் விதிப்பதற்கும், குதிரையைக் கணினியில் 'அபராதம்' என்ற பகுதியில் பதிவு செய்ய வேண்டும் என்கிறார்கள். அங்கும் குதிரை இல்லை.

11. இதற்கிடையில் ஏல அறிவிப்பு ஒட்டப்பட்டுவிட்டது. மலைப்பகுதியில் சுற்றுலாப் பயணிகளைக் குதிரையேற்றும் தொழில் செய்பவர் ஒருவர் வந்து பார்த்துச் சென்றதாகக் கேள்வி. இக்குதிரை முதுகில் ஆள் ஏற்றிப் பழகியதன்று. காயம்பட்ட காலோடு மலையேற்றினால் என்ன ஆகும் என்பதைத் தங்களுக்கு விளக்க வேண்டியதில்லை. பழனாத்தாள் இப்போது வண்டியைத் தாமே தள்ளிக்கொண்டு, ஒரு நடைக்கு இரண்டு மூட்டை வீதம் சேர்த்துவருகிறார். பாதி மூட்டைகள் பேருந்து நிறுத்தத்திலேயே வாடுகின்றன.

12. ஆகவே தங்களிடம் வேண்டுவது:

அ) ஏலத்தை உடனே நிறுத்தி, எவ்வித வாக்குமூலமும் கோராமல் குதிரையை உரிமையாளரிடம் ஒப்படைக்க உத்தரவிட வேண்டும்.

ஆ) அதுவரை, இன்றே, காலோடு சேர்த்துக் கட்டிய கயிற்றை அவிழ்த்து, அரசு கால்நடை மருத்துவரைக் கொண்டு முழங்காலுக்குச் சிகிச்சை அளிக்க வேண்டும்.

இ) சதுக்கத்தின் அருகிலேயே ஒரு தண்ணீர்த்தொட்டி கட்ட வேண்டும். சிமெண்டு எஞ்சியிருக்கும் என நம்புகிறேன்.

13. வியாழன் காலை பத்து மணிக்கு ஏலம். ஏலம் தொடங்குமுன் அறிவிப்பை உரக்கப் படிப்பது முறை. அதில் "உரிமையாளர் எவரும் இல்லை" என்ற வரி உள்ளது. அந்நேரத்தில் பழனாத்தாள் தொழுவத்து வாசலில் நிற்பார் என்பதை உறுதியாகத் தெரிவித்துக்கொள்கிறேன். அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டு அவ்வரியைப் படிக்கும் நிலைக்கு ஓர் அரசு ஊழியரைத் தாங்கள் ஆளாக்க மாட்டீர்கள் என்ற நம்பிக்கையுடன் இதைத் தங்கள் முன் வைக்கிறேன்.

இடம்: எருக்கம்பாறை
நாள்: 17-02-2025

இவண்,
(ஒப்பம்)
வே. சிவப்பிரகாஷ்

இணைப்பு: குதிரையின் புகைப்படங்கள், லாடம் அடிப்பவர் மற்றும் கடைக்காரர்களின் வாக்குமூலங்கள், ஏல அறிவிப்பின் நகல்.