பீச்சாங்கைக்காரிகளின் உலகக் கோப்பை

அடுக்களையில் நின்றபடியே அத்தனை ஆட்டத்தையும் பார்த்து முடித்த என் அம்மாவுக்கு,

ஜெயித்துவிட்டோம் அம்மா. பெண்கள் உலகக் கோப்பையை நம்ம பிள்ளைகள் வாங்கிவிட்டார்கள். இதைச் சொல்லத்தான் பேனாவை எடுத்தேன். எடுத்துப் பத்து நிமிடமாகிறது, கை நகர மாட்டேன் என்கிறது. அவ்வளவு அலுப்பு.

நீ போய் நாலு வருடமாகியும் எனக்கு அதே போலீஸ் வேலைதான், அதே குற்றாலத்து அருவிக்கரைதான். ஐப்பசி மழையில் தண்ணீர் வரத்துக் கூடி, மெயினருவியில் குளிக்கத் தடை. தடை என்றால் யார் கேட்கிறார்கள்? இறுதி ஆட்டத்தன்று சுரண்டையிலிருந்து வேன் பிடித்து வந்த ஒரு அண்ணாச்சி, நெற்றியில் எண்ணெய் வழிய என் முன்னால் நிற்கிறார். "எண்ணெய தேச்சிட்டேம்மா, இனி என்ன செய்யச் சொல்லுதிய? ஒரே ஒரு தல நனைச்சிட்டு வந்துருதேன்." அவரைத் திருப்பி அனுப்புவதற்குள் பின்னால் நாலு பேர் கயிற்றைத் தாண்டிவிட்டார்கள். விசில் ஊதி ஊதித் தாடை வலித்ததுதான் மிச்சம்.

நம் வீட்டுச் சட்டம் உனக்கு நினைவிருக்கும். இதைப் படிக்கிற மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். கிரிக்கெட் ஓடும்போது யார் உள்ளே வந்ததும் ஆட்டம் கெடுகிறதோ, அவர் ராசியில்லாதவர். எழுந்து வெளியே போய்விட வேண்டும். சட்டம் போட்டது நான். எப்போதும் மாட்டியது நீ. நீ எழுந்து போன மறு பந்தில் ஒரு தடவை நாலு ரன் வந்து தொலைத்தது. அன்றோடு உன் இடம் அடுக்களை என்று ஆகிவிட்டது.

இத்தனைக்கும் எங்களைவிட உனக்குத்தான் பைத்தியம். "ஆம்பளப் பயலுவ ஆட்டம் யாருக்குட்டி வேணும்? பொம்பளப் பிள்ளைய எப்படி விழுந்து பெரளுது, அதப் பாரு!" என்பாய். ரசத்துக்குத் தாளித்துக்கொண்டே, "எத்தன ஆச்சி? எத்தன ஆச்சி?" என்று ஓயாமல் கேட்பாய். திடீரென்று சத்தம் வரும்: "பீச்சாங்கைக்காரி என்னமா அடிக்கா பாரு!" நானும் தம்பியும் இங்கே விழுந்து விழுந்து சிரிப்போம். ஆடுகிறவள் வலது கைக்காரி. அம்மாவுக்குச் சோத்தாங்கை எது, பீச்சாங்கை எது என்றே தெரியாது என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தோம்.

சில நேரம் எட்டிப் பார்த்தால், அடுக்களைக்கு எதிர்ச் சுவரில் மாட்டியிருக்கும் அப்பாவின் பட்டாளத்துப் படத்தையே பார்த்துக்கொண்டு நிற்பாய். பாவம், அப்பா நினைப்பு என்று டிவி சத்தத்தைக் குறைத்து வைப்போம்.

லண்டனில் நடந்த அந்த இறுதி ஆட்டத்துக்கு வருகிறேன். அதைச் சொல்லாமல் இந்தக் கடிதம் எதற்கு? ஜெயிப்பது உறுதி என்கிற நிலைமை. நீ ஈரக்கையை முந்தானையில் துடைத்தபடி வாசலில் வந்து நின்றாய். "இனிம பயமில்லல்லா? நானும் வரட்டா? ஆடுத அந்தப் பிள்ளைய ஒரு தடவ நேரா பாத்துக்கிடுதேன்."

வா என்றோம். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தாய். கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்துவிட்டு, "ஏட்டி, இவ சோத்தாங்கைக்காரியா?" என்று வாயில் கை வைத்தாய். நாங்கள் சிரித்து முடிப்பதற்குள் விக்கெட்டுகள் விழ ஆரம்பித்தன. ஒன்று, இரண்டு, மூன்று. நான் உன் பக்கம் திரும்பி, "நீ எதுக்கும்மா வந்த?" என்றேன்.

எழுந்து அடுக்களைக்குப் போனாய். கொஞ்சத்தில் தோற்றோம். மறுநாள் இட்லி வைக்கும்போது, "நான் வராம இருந்திருக்கலாம்" என்றாய். விளையாட்டாகச் சொல்கிறாய் என்று விட்டுவிட்டேன். அதற்குப் பிறகு எத்தனை தடவை கூப்பிட்டும் நீ டிவி முன்னால் வந்து உட்காரவே இல்லையே. நான் ஒரு தடவையாவது மன்னிப்புக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை அம்மா.

இந்தத் தடவை கதைக்கு வா. டியூட்டி முடிந்து தென்காசி வீட்டுக்கு வந்தபோது எதிரணி பேட் பிடித்துக்கொண்டிருந்தது. ஈர யூனிபார்மோடு நாற்காலியில் விழுந்தேன். உன் பேத்தி தர்ஷினி தலையணையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவர்களுடைய கேப்டன் நின்று வெளுத்துக்கொண்டிருந்தாள். இரண்டு பந்து பவுண்டரிக்குப் போனது. தர்ஷினி மெதுவாக என்னைப் பார்த்தாள்.

"எம்மா, கோவிச்சிக்கிடாத. நீ வந்ததுலருந்து ரெண்டு ஃபோர் போயிட்டு. கொஞ்ச நேரம் அடுக்களைக்குப் போயேன்."

யாரிடம் படித்தாள் என்று கேட்கவா வேண்டும்? எழுந்து போனேன். அடுப்பு மேடையில் சாய்ந்து, நீ நிற்கிற அதே இடத்தில் நின்றேன். கால் கடுத்தது. சும்மா தலையைத் தூக்கினால் எதிரே அப்பா படம்.

அப்பாவின் நெஞ்சில் பச்சையாக ஒரு மைதானம் தெரிந்தது. ஒரு பிள்ளை ஓடி வந்து பந்து போட்டது. படத்தின் கண்ணாடியில் ஹாலில் இருக்கிற டிவி முழுசாகத் தெரிகிறது அம்மா! இடம் வலமாக, வலம் இடமாக. ஸ்கோர் எழுத்துகூடத் திரும்பித்தான் கிடந்தது. வலது கைக்காரியான அந்த கேப்டன் கண்ணாடிக்குள் பீச்சாங்கையால் அடித்துக்கொண்டிருந்தாள்.

அப்பா நினைப்பாம், அப்பா நினைப்பு! சிரிப்பு வந்தது, கூடவே அழுகையும் முட்டிக்கொண்டு வந்தது. அத்தனை ஆட்டத்தையும் இப்படியா பார்த்தாய்? ஏன் சொல்லவில்லை? சொன்னால் அந்தப் படத்தையும் நாங்கள் கழற்றிவிடுவோம் என்று பயந்தாயா?

திரும்ப வந்து நாற்காலியில் உட்கார்ந்தேன்.

"எம்மா! போம்மா!"

"போ மாட்டேன். தோத்தா தோக்கட்டும். ஒங்க ஆச்சிய இப்படித்தான் அங்கன வெரட்டி வெரட்டி விட்டேன். இனிம இந்த வீட்டுல யாரும் யாரையும் எழுப்பக் கூடாது."

கண்ணாடிக் கதையைச் சொன்னேன். பிள்ளை தலையணையை என் கால் பக்கம் தள்ளிவிட்டாள்.

இவ்வளவு வீராப்பாக உட்கார்ந்தேனா, அப்படியே தூங்கிப்போனேன். என்ன செய்ய, உடம்பு கேட்கவில்லை. தர்ஷினி அழுதுகொண்டே உலுக்கிய பிறகுதான் முழித்தேன். எல்லாம் முடிந்திருந்தது. அந்த கேப்டன் தூக்கி அடித்த பந்தை நம்ம பிள்ளை ஒருத்தி தட்டுத் தடுமாறி மூன்றாம் தடவையில் பிடித்தாளாம். அதையும் நான் பார்க்கவில்லை. "நீ தூங்குன பெறவுதான் அவ அவுட்டு. இனிம ஃபைனல்னா நீ தூங்கிரணும்" என்று அடுத்த சட்டம் போட்டுவிட்டாள் உன் பேத்தி. இந்தக் குடும்பத்தை என்ன சொல்ல?

மறுநாள் அருவிக்கரையிலிருந்து வந்து மறுஒளிபரப்பைப் பார்த்தோம். கோப்பையைத் தூக்குகிற நேரம் தர்ஷினி டிவிக்கு மேலே பார்த்தாள். அங்கேதான் உன் படம் மாட்டியிருக்கிறது. "எம்மா, ஆச்சி நம்மளத்தான பாத்துட்டு இருக்கா? ஆச்சிக்கு டிவி தெரியாதுல்லா?" என்றாள். நாலு வருடமாக இது என் புத்தியில் ஏறவில்லை பார்.

ஸ்டூல் போட்டு ஏறி உன்னைக் கழற்றினோம். எதிர்ச் சுவரில், டிவிக்கு நேர் எதிரே ஆணி அடித்து மாட்டியாயிற்று. அப்பா தன் பழைய இடத்திலேயேதான் இருக்கிறார்.

இனி எந்த விக்கெட் விழுந்தாலும் உன்னை எழுப்ப மாட்டேன் அம்மா, சத்தியம். ஆட்டம் முடியும் வரை உட்கார்ந்து நேராகப் பார். ஆடுகிற பிள்ளைகளில் நிறையப் பேர் சோத்தாங்கைக்காரிகள்தான்.

'நீ எதுக்கும்மா வந்த' என்று கேட்ட
உன் மகள்,
பேச்சி