கொயர் மட்டும், சங்கம் மட்டும்

ஜூலை 4, வெள்ளி

காலையில் தூறல், பிறகு ஒரே புழுக்கம். சிலிண்டர் பதிவு செய்ய மறந்தாயிற்று. 9-பி நோட்டுகள் முப்பத்தெட்டு. திருத்தியது ஆறு.

நாளை கோவளம். சபையிலிருந்து ஒரு நாள் கூடுகை. கொயருக்கு (பாடகர் குழு) ஒரு வேன், பெண்கள் சங்கத்துக்கு ஒரு வேன். பெயர்ப் பட்டியல் என் தலையில். போன வருடம் சாந்தா அக்காவை இரண்டு வேனிலும் எழுதிவிட்டேன். அவர் கொயரிலும் உண்டு, சங்கத்திலும் உண்டு. ஓர் இடம் காலியாகவே போய் வந்தது. "கணக்கு டீச்சருக்கே கணக்கு வரல" என்று பாஸ்டர் அம்மா வரைக்கும் சிரிப்பு.

இந்தத் தடவை விடுவேனா! வகுப்பில் போடுகிற மாதிரியே வென்படம். இரண்டு வட்டம், ஒன்றன்மேல் ஒன்று கொஞ்சம் ஏறி. கொயர் 12, சங்கம் 14, இரண்டிலும் 1. ஆக, கொயர் மட்டும் 11, சங்கம் மட்டும் 13. மொத்தம் 25. யாரும் இரண்டு தடவை வரவில்லை. இரண்டு பட்டியலையும் வாட்ஸ்அப்பில் அனுப்பியாயிற்று. கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

ஜூலை 5, சனி

நான் சங்கத்து வேனில். டிரைவர் தலை எண்ணினார். "லிஸ்ட்ல கீற பேரு அத்தினியும் வண்டில கீது மேடம், எடுக்கட்டா?" பதின்மூன்று. சரி. மற்ற வேனிலிருந்து ஷீலா (கொயர் லீடர், என்னிடம் படித்த பெண்): "பதினொண்ணு, ஓகே மிஸ்." அதுவும் சரி. வழியெல்லாம் பாட்டு, கைதட்டல்.

கோவளத்தில் இறங்கித்தான் ஃபோனைப் பார்த்தேன். ஏழு மிஸ்டு கால். எல்லாம் சாந்தா அக்கா.

"வண்டியே வரலியே ஜெசி. அஞ்சரைலேருந்து அனகாபுத்தூர் ஸ்டாப்ல நிக்கிறேன். ரெண்டு ஹாட் பாக்ஸ் தேங்கா சாதம் வேற."

பதினொன்றும் பதின்மூன்றும் இருபத்து நான்கு. ஐயோ. 'மட்டும்' என்று எழுதி அவரைக் கொயரிலிருந்தும் கழித்தேன், சங்கத்திலிருந்தும் கழித்தேன். நடுவில் இருந்த ஒன்றை எந்த வேனிலும் சேர்க்கவில்லை. இருபத்திரண்டு வருடமாகப் பாடம் எடுக்கிறவள்.

அதையாவது சொல்லியிருக்கலாம். என் வாயில் வந்தது வேறு: "கொயர் வேன்தானே அக்கா உங்கள ஏத்தியிருக்கணும்? ஷீலா மறந்துட்டா போல." கூசாமல் சொன்னேன்.

மதியத்துக்குக் கடைப் பரோட்டா. தொண்டையில் இறங்கவில்லை என்று எழுத ஆசை. இரண்டு இறங்கியது.

ஜூலை 6, ஞாயிறு

வெயில். ஆராதனையில் சாந்தா அக்கா கொயர் வரிசையில் நிற்கவில்லை. கடைசி பெஞ்சு. தேங்காய் சாதத்தை ஆட்டோ ஸ்டாண்டில் கொடுத்துவிட்டாராம். ஷீலா கிட்டே போனாள். அக்கா முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

படியில் சங்கத்துப் பெண்கள் யாரோ சொன்னது காதில் விழுந்தது: "லீடர்னு ஆயிட்டா போதும், பெரியவங்க ஞாபகம் எங்க இருக்கும்?"

ஷீலா பக்கத்தில்தான் நின்றாள். நானும்தான். புடவை பின்னைச் சரி செய்துகொண்டிருந்தேன்.

ஜூலை 8, செவ்வாய்

9-பி, மூன்றாம் பீரியட், வென்படம். வேறு பாடம் கிடைக்கவில்லையா எனக்கு!

முன் பெஞ்சு நந்தினி: "மிஸ், A மட்டும் எழுதியாச்சு, B மட்டும் எழுதியாச்சு. நடுவுல இருக்கறத எழுத மறந்துட்டா மார்க் போயிடுமா?"

"போகும்."

"எவ்ளோ மிஸ்?"

கரும்பலகையை அழித்தேன். அதில் அழிக்க ஒன்றும் இல்லை.

சொல்லாமல் இருக்க நான் வைத்திருக்கும் காரணங்கள்:
- அக்காவுக்கு பிரஷர். (எனக்கும்தான்.)
- ஷீலா சின்னப் பெண், மறந்துவிடுவாள்.
- மறுபடியும் "கணக்கு டீச்சருக்கே."

மூன்றாவதுதான் நிஜம். சீ.

ஜூலை 10, வியாழன்

சிலிண்டர் வந்தது. கொயர் பயிற்சிக்கு ஷீலா வரவில்லையாம். மறக்கவில்லை, பார்.

ஜூலை 12, சனி

மழை வரும்போல் இருந்து வரவில்லை. பஸ் பிடித்து அனகாபுத்தூர். கையில் அந்த வென்படத் தாள். அக்கா முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். உட்காரும் முன்பே சொல்லிவிட்டேன். ஷீலா மேல் ஒரு தப்பும் இல்லை, நான்தான், பொய்யும் நான்தான் என்று.

அக்கா கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டார். தாளை வெகுநேரம் பார்த்தார். இந்தப் பக்கம் பதினொரு பெயர், அந்தப் பக்கம் பதின்மூன்று பெயர்.

"நடுவுல இருக்கறது யாரு?"

"நீங்கதான்க்கா."

"எல்லார் பேரும் எழுதியிருக்கியே ஜெசி. இங்க மட்டும் வெறும் ஒண்ணு போட்டிருக்க."

யார் என்றுதான் தெரியுமே, எழுதுவானேன் என்று விட்டது. அழுதேன். அக்கா அழவும் இல்லை, திட்டவும் இல்லை. காபி கொடுத்தார். வாசல் வரை வந்து, "அந்தப் பொண்ணுகிட்ட நான் மூஞ்சி கொடுத்துப் பேசல. அதுக்கு நான் மன்னிப்பு கேட்டுக்கறேன். நீ எப்ப கேக்கப் போற?" என்றார்.

ஜூலை 13, ஞாயிறு

ஆராதனை முடிந்ததும் படியிலேயே ஷீலாவை நிறுத்தினேன். நாலு பேர் கேட்கட்டும் என்றுதான். எல்லாம் சொன்னேன். தாளை நீட்டினேன்.

அவள் வாங்கவில்லை.

"ரெண்டு லிஸ்ட்டும் என் ஃபோன்ல இருக்கே மிஸ். அன்னிக்கு கோவளத்துலயே கூட்டிப் பாத்துட்டேன். நீங்களே சொல்லிடுவீங்கன்னு இருந்தேன்."

எட்டு நாள் இருந்திருக்கிறாள்.