மாமி பன்யின் வேடம்

மாம்ப்ரோபி, அக்ரா
14 மார்ச் 1993

என் அரபா அக்காவுக்கு,

நானும் என் தொண்டையும் நலம். தொண்டையைத் தனியாகச் சொல்லக் காரணம் இருக்கிறது. இந்த மாதம் முழுக்க அதுதான் எனக்குச் சோறு போடுகிறது.

தொலைக்காட்சியில் ஞாயிறு சாயங்கால நாடகத்தில் எனக்கு வேடம் கிடைத்துவிட்டது. வீட்டுக்காரி வேடம். பெயர் மாமி பன்யின். எழுதிக் கொடுத்தது இரண்டே வரி. சன்னலைத் திறந்து குடித்தனக்காரர்களிடம் வாடகை கேட்டுவிட்டு மூடிக்கொள்ள வேண்டும். நான் மூடவில்லை. திட்டிக்கொண்டே இருந்தேன். முற்றம் கூட்டாததற்கு, குழாயை ஒழுக விட்டதற்கு, வாசலில் மீன் செதில் கிடந்ததற்கு. இயக்குநர் கொபினா 'கட்' சொல்லவே இல்லை. கடைசியில் எழுந்து வந்தார்.

"எக்குவா, அந்தச் சன்னல இனிமே மூடாதீங்க" என்றார்.

உனக்குத் தெரியும், பெண் வேடத்தைக்கூட ஆண்களே கட்டிய நாடகக் கம்பெனியில் என்னைச் சேர்த்துக்கொண்டதே பெரிய விஷயமாக இருந்தது. லாரி மேல் உட்கார்ந்து டார்க்வாவுக்கும் குமாசிக்கும் போய், தண்ணீர் கொண்டு வருகிறவள், பிரசவத்தில் சாகிறவள், கதவைத் திறந்துவிட்டு உள்ளே போகிறவள் என்று எத்தனை வருஷம். இப்போது சந்தையில் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். என் பெயரை இல்லை, அவள் பெயரை. அதுவும் போதும்.

எபோ அத்தானுக்கு என் அன்பு. அந்த ஊர்க் குளிரில் காதை மூடிக்கொண்டு போ.

உன் தங்கை,
எக்குவா


ஹாம்பர்க்
2 மே 1993

அடி திருடி,

வீட்டுக்காரியைப் பார்த்தேன். நம் ஊர்க் கடைக்காரர் கேசட் வரவழைத்திருக்கிறார். தேவாலயம் முடிந்ததும் பதினைந்து பெண்கள் ஒரே அறையில் நெருக்கிக்கொண்டு பார்த்தோம்.

அந்த நடை யாருடையது? இடது முழங்கையால் இடுப்புத் துணியைத் தட்டித் தட்டி ஏற்றிக்கொண்டு நடக்கிறாளே, அது யாருடையது? பேசி முடித்ததும் நாக்கை ஒரு சொடுக்குச் சொடுக்கிவிட்டுத் திரும்புகிறாளே? "அரபா, இது நீதான்!" என்று எல்லாரும் என் முதுகில் அடித்தார்கள். பின்னால் நின்று பார்த்த எபோ சிரித்துச் சிரித்து வெளியே போய்விட்டார். "வீட்ல ஒண்ணு போதாதுன்னு பொட்டிக்குள்ள வேற ஒண்ணா?" என்கிறார்.

எனக்குக் கோபமே இல்லை. இங்கே ஆஸ்பத்திரியில் தரை துடைக்கும்போது யாரும் என் முகத்தைப் பார்ப்பதில்லை. அங்கே நாடே என் நடையைப் பார்க்கிறது என்றால் நல்லதுதானே. கூலியாக ஷிட்டோ மிளகாய்த் தொக்கு ஒரு போத்தல் அனுப்பு. நீயே வறுத்தது வேண்டும், கடையில் வாங்கினால் கண்டுபிடித்துவிடுவேன்.

ஒரு குறை மட்டும். மார்ச்சில் இரண்டு பக்கம் எழுதியிருக்கிறாய், அது என்ன மாதம் என்று ஒரு வரி இல்லை. ஃபிஃபி இருந்திருந்தால் அந்த மாதம் இருபதாம் தேதி பதினான்கு வயது ஆகியிருக்கும். என் பிள்ளை போன பிறகு அந்தத் தேதியை நினைவு வைத்திருக்கிற ஆள் நீ ஒருத்திதான் என்று நினைத்திருந்தேன். எபோ அதைப் பேசவே மாட்டார். அப்போது அவர் கப்பலில் இருந்தார், அடக்கம் முடிந்த பிறகுதான் தந்தி அவருக்குக் கிடைத்தது. நானும் பேசுவதில்லை.

சரி, விடு. சன்னலை மூடாதே.

அக்கா,
அரபா


மாம்ப்ரோபி
9 ஆகஸ்ட் 1993

அன்பு அக்கா,

இருபதாம் தேதி எனக்கு நினைவிருந்தது. அன்றைக்குச் சரியாகச் சாப்பிடவும் இல்லை. எழுதத்தான் கை வரவில்லை. என்னைத் தப்பாக நினைக்காதே.

ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை அக்கா. நாடகத்துக்கு நடுவில் வீடியோ படங்கள். ஒரு வாரத்தில் ஒரு படம் எடுத்து முடித்துவிடுகிறார்கள். ஒன்றில் மருமகளுக்கு விஷம் வைக்கிறேன், இன்னொன்றில் எனக்கே விஷம் வைக்கிறார்கள். எந்த வீட்டில் எந்தத் துணி கட்டியிருந்தேன் என்பதே குழம்பிப் போகிறது. டிரோ-டிரோ வண்டியில் ஏறப் போனால் டிக்கெட் போடுகிற பையன் கையை நீட்டித் தடுக்கிறான்: "மாமி பன்யின், உங்க வீட்ல நாங்க வாடகை குடுக்கிறோம்ல? எங்க வண்டியில நீங்க குடுங்க, ரெண்டு மடங்கு!" வண்டி முழுக்கச் சிரிப்பு. நானும் சன்னல் குரலில் திட்டினேன். கைதட்டினார்கள். இறங்கிய பிறகு எனக்கு என் சொந்தக் குரல் வர நேரமாயிற்று.

இப்போது ஒரு சங்கடம். கதையில் மாமி பன்யினின் மகன் சாகப் போகிறான். நாடகம் எழுதுகிறவர் பக்கத்துக்குப் பக்கம் ஒப்பாரி எழுதி வைத்திருந்தார். கொபினா அதை அப்படியே மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"அழறது இந்த ஊர்ல எல்லாருக்கும் தெரியும். நான் பாக்காத ஒண்ணக் காட்டுங்க எக்குவா. உங்ககிட்ட இருக்கும்."

அவர் அதைச் சொன்னதும் எனக்கு ஒன்று ஞாபகம் வந்தது. வந்ததும் எழுந்து வெளியே போய்விட்டேன்.

உன்னிடம் ஒன்று கேட்க வேண்டும். கடிதத்தில் கேட்கிற விஷயம் இல்லை. இன்று தபால் நிலையத்தில் தொலைபேசிக்கு வரிசையில் நின்றேன். என் முறை வந்தபோது வெளிநாட்டு இணைப்பு இல்லை என்றார்கள். நாளை மறுபடி போகிறேன்.

உன்
எக்குவா


மாம்ப்ரோபி
21 ஆகஸ்ட் 1993

அக்கா,

போகவில்லை.

மகன் சாவுக் காட்சியின் படப்பிடிப்பு முடிந்துவிட்டது. ஒரே தடவைதான் எடுத்தார்கள். கேமராக்காரர் கண்ணைத் துடைத்துக்கொள்ளப் போய் படம் கொஞ்சம் ஆடிவிட்டது, கொபினா அதையும் அப்படியே வைத்துக்கொண்டார். எல்லாரும் வந்து என் கையைப் பிடித்துக்கொண்டார்கள். இத்தனை வருஷத்தில் எனக்கு யாரும் அப்படிச் செய்ததில்லை. எனக்குச் சந்தோஷமாக இருந்தது. வீட்டுக்கு வந்து உனக்கு எழுத உட்கார்ந்து மூன்று தாள் கிழித்தேன்.

கேசட் அங்கே வரும். நீ தனியாகப் பார்த்தால் நன்றாக இருக்கும். பார்த்ததும் எழுது.

எக்குவா


ஹாம்பர்க்
17 அக்டோபர் 1993

எக்குவா,

தனியாகப் பார்க்கவில்லை. அக்னஸ் வீட்டில் முடி பின்னிக்கொள்ள உட்கார்ந்திருந்தேன். பாதித் தலைதான் ஆகியிருந்தது. அவள் கேசட்டைப் போட்டாள்.

பிள்ளை செத்துக் கிடக்கிறான். வெளியே பெண்கள் அழுகிறார்கள். மாமி பன்யின் அடுக்களையில் போய் உட்கார்ந்து ஆரஞ்சு உரிக்கிறாள். தோல் அறுந்துவிடாமல் ஒரே சுருளாக வர வேண்டும். அறுந்தால் பிள்ளை சாப்பிட மாட்டான். அறுந்து போகிறது. "பிஞ்சிருச்சுடா... இரு, கோவப்படாத, அம்மா இன்னொண்ணு உரிக்கிறேன்" என்கிறாள். அடுத்ததை எடுக்கிறாள். அப்புறம் அடுத்தது.

முதலில் அறையில் யாரோ சிரித்தார்கள். பிறகு எல்லாரும் அழுதார்கள். "இந்தப் பொம்பளைக்கு எங்கிருந்துதான்டி இதெல்லாம் தோணுது!" என்றாள் அக்னஸ்.

பாதித் தலையோடு எழுந்து, துணியைச் சுற்றிக்கொண்டு ரயிலில் வந்தேன்.

செகொண்டியில், ஃபிஃபி போன அன்றைக்கு, அந்த அடுக்களையில் நீ ஒருத்திதான் இருந்தாய். கதவைச் சாத்தியதும் நீதான். யாரும் என்னை அப்படிப் பார்க்கக் கூடாது என்றுதான் சாத்தினாய் என்று ஏழு வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தேன். எபோவிடம்கூட நான் அதைச் சொன்னதில்லை. நடையை எடுத்தாய், நாக்கை எடுத்தாய், சிரித்தேன். வேண்டியதை எல்லாம் எடுத்துக்கொள் என்று அர்த்தமா அதற்கு? நான் சொன்ன அதே வார்த்தைகள், எக்குவா. ஒன்றைக்கூட மாற்றவில்லை நீ.

எனக்கு எழுதாதே.

அரபா


மாம்ப்ரோபி
28 நவம்பர் 1993

அக்கா,

எழுதாதே என்றாய். எழுதுகிறேன். கிழித்துப் போடுவதென்றால் படித்துவிட்டுக் கிழி.

உன்னிடம் கேட்காமல் செய்தது தப்பு. மறுநாளும் வரிசையில் நின்றிருக்கலாம். நீ வேண்டாம் என்று சொல்லிவிடுவாயோ என்ற பயத்தில்தான் போகவில்லை. இதை ஒத்துக்கொள்கிறேன். மற்றதை ஒத்துக்கொள்ள மாட்டேன்.

அந்த அடுக்களையில் நானும் இருந்தேன். அவன் உன்னை அம்மா என்றான், என்னைச் சின்னம்மா என்றான். முப்பது நாள் கழித்து நீ விமானம் ஏறிவிட்டாய். அவன் செருப்பை, பள்ளிக்கூடச் சட்டையை, தேய்ந்து போன பந்தை எல்லாம் நான்தான் கட்டி வைத்தேன். என்னிடம் யாரும் வந்து துக்கம் கேட்கவில்லை. தாய் இருக்கும்போது சின்னம்மாவிடம் யார் கேட்பார்கள்? நானும் அதை எங்கேயாவது கொண்டு போய் வைக்க வேண்டியிருந்தது. உனக்கு ஹாம்பர்க் கிடைத்தது. எனக்குக் கிடைத்தது ஒரு சன்னல்.

வேறு வார்த்தை போட்டுப் பார்த்தேன் அக்கா, ஒத்திகையில். எல்லாம் பொய்யாகக் கேட்டது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், பிறகு நீயே வேறு யாரிடமாவது கேள்விப்பட வேண்டாம். அந்தக் காட்சியை வைத்து முழுப் படம் எடுக்கப் போகிறார்கள். பெரிய படம், ஒரு வாரத்தில் முடிகிறது இல்லை. நான்தான் கதாநாயகி. சுவரொட்டியில் என் பெயர் முதலில் வரும். எனக்கு நாற்பத்திரண்டு வயது. இனி ஒரு முறை இப்படி வராது.

நீ சரி என்றால் செய்கிறேன். வேண்டாம் என்றால் வேண்டாம் என்று சொல்லிவிடுகிறேன். எதையாவது ஒன்றை எழுது. ஈஸ்டர் வரை காத்திருக்கச் சொல்லியிருக்கிறேன்.

எக்குவா


மாம்ப்ரோபி
24 ஏப்ரல் 1994

அக்கா,

ஈஸ்டர் போய்விட்டது. தபால்காரர் என்னைக் கண்டாலே "இன்னிக்கும் இல்ல மாமி, என்னைய வீட்ட விட்டுக் காலி பண்ணிடாதீங்க" என்கிறார்.

கொபினாவிடம் முடியாது என்று சொல்லிவிட்டேன்.

"உங்க அக்கா என்ன, தணிக்கை அதிகாரியா?"

"இல்ல. செத்தது அவ பிள்ளை."

அவர் கையிலிருந்த கதைத் தாள்களை மடித்து வைத்தார். பிறகு, "நீங்க சொல்லாம இருந்திருந்தா எனக்கு நல்லாருந்திருக்கும்" என்றார். நல்ல மனிதர்தான். ஆனால் பணம் போடுகிறவர் காத்திருப்பாரா? குமாசியிலிருந்து ஒரு நடிகையை வரவழைத்து வேலை தொடங்கிவிட்டார்கள். அவள் என்னைத் தேடி வந்து, ஆரஞ்சை எப்படிப் பிடித்தேன் என்று கேட்டாள். எனக்குத் தெரியாது என்று சொல்லி அனுப்பினேன். நாடகத்திலும் மாமி பன்யினை ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். சன்னல் சாத்தியிருக்கிறது.

இப்போது நான் மறுபடியும் வீடியோ படத்துச் சூனியக்காரி. நாளைக்கு கோஃபரிடுவாவில், அடுத்த வாரம் வேறெங்கோ. பையைப் பிரிப்பதே இல்லை.

உனக்காக விட்டேனா, உன் மேல் இருக்கிற கோபத்தில் விட்டேனா என்று எனக்கே தெரியவில்லை. உன்னைக் குற்றவாளியாக்கத்தான் இதை எழுதுகிறேனோ என்னவோ. இருந்தாலும் எழுதுகிறேன். இனி உன் முறை.

எக்குவா


ஹாம்பர்க்
3 ஜூலை 1994

எக்குவா,

உன் கடிதம் வந்து ஒரு மாதமாயிற்று. பதில் எழுத உட்காருவேன், எழுந்துவிடுவேன்.

போன வாரம் வேலையிலிருந்து சீக்கிரம் வந்துவிட்டேன். எபோ தொலைக்காட்சி முன்னால் தரையில் உட்கார்ந்திருந்தார். உன் கேசட் ஓடிக்கொண்டிருந்தது. எப்போது வாங்கினார் என்று எனக்குத் தெரியாது. அந்த இடம் முடிந்ததும் பின்னால் ஓட்டி மறுபடி பார்த்தார். நான் கதவருகே நின்றேன். நான் வந்தது தெரிந்தும் அவர் நிறுத்தவில்லை.

"இப்பிடித்தான் இருந்தியா?" என்று கேட்டார்.

"ஆமா."

"ஆரஞ்சா?"

"காய்ச்சல்ல அவன் வேற எதுவும் சாப்பிடல."

"எனக்கு யாருமே சொல்லலியே அரபா. கப்பல்ல தந்தியக் குடுத்தாங்க, அதுல நாலு வார்த்தை. அத வச்சுக்கிட்டு நான் என்னத்தப் பாக்குறது?"

எட்டு வருஷத்தில் எங்கள் வீட்டில் அவன் பெயர் சொல்லப்பட்டது அன்றைக்குத்தான். இருட்டும்வரை பேசினோம். காய்ச்சல் வந்த நாளிலிருந்து ஒவ்வொன்றாகக் கேட்டார். எனக்குத் தெரிந்ததெல்லாம் சொன்னேன். கோபமாகவும் கேட்டார், எழுந்து போய்விட்டு வந்தும் கேட்டார். எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்.

படம் உன் கையை விட்டுப் போனதற்கு நான்தான் காரணம். உனக்குப் பதில் எழுதாமல் இருந்தால் நீ என்ன செய்வாய் என்று தெரிந்துதான் எழுதாமல் இருந்தேன். நீ கேட்காமல் எடுத்தாய், நான் சொல்லாமல் பிடுங்கினேன். இதற்கு மேல் அதைப் பற்றி எழுத எனக்கு வரவில்லை. நீ செய்ததை நான் இன்னும் பொறுத்துக்கொண்டதாகவும் சொல்ல மாட்டேன்.

ஆனால் ஒன்று. எபோ என்னைக் கேட்டார்: "எக்குவா எங்க இருந்தா அப்போ?" அடுக்களையில்தான் என்றேன். "என்ன செஞ்சா?" என்றார். யோசித்தேன். கதவு சாத்திய சத்தம் நினைவிருக்கிறது. அதற்குப் பிறகு உன் முகம் எனக்கு நினைவில்லை. நீ நின்றாயா, உட்கார்ந்தாயா, அழுதாயா, ஏதாவது சொன்னாயா, ஒன்றுமே தெரியவில்லை. இந்த ஒரு வாரமாகத் தரை துடைக்கும்போதும் அதையேதான் தேடிக்கொண்டிருக்கிறேன். நீ அங்கே இருந்தாய் என்று தெரிகிறது, உன்னைப் பார்க்க முடியவில்லை.

நாங்கள் இருவரும் டிசம்பரில் வருகிறோம். பத்தாம் தேதிக்கு மேல் எந்த ஊருக்கும் படப்பிடிப்பு ஒத்துக்கொள்ளாதே. செகொண்டிக்கு மூன்று பேரும் சேர்ந்து போவோம்.

நான் அன்றைக்கு எப்படி இருந்தேன் என்று ஊருக்கே காட்டிவிட்டாய். நீ எப்படி இருந்தாய் என்று எனக்கு மட்டும் சொல்.

உன் அக்கா,
அரபா