விழுந்ததாகச் சொன்ன கால்

18.3.1991, திங்கள்
கட்டுக்குள் கால் அரிக்கிறது. ஈர்க்குச்சி விட்டுச் சொரிந்துகொண்டேன். சத்துணவுச் சமையலர் சரோஜா, வயது நாற்பத்தாறு - இன்றைய சாதனை இதுதான்.

பக்கத்து வீட்டு நரசிம்மன் லாரியைப் பின்னால் எடுக்கும்போது என்னை இடித்துத் தள்ளி இன்றோடு ஐந்து வாரம். ஊருக்கே தெரியும், யூனியன் ஆபீசுக்குத்தான் தெரியாது. லீவு கடிதத்தில் கிணற்றடியில் வழுக்கி விழுந்ததாக எழுதினேன். கேசு ஆனால் அவன் ஜெயிலுக்குப் போவான், லாரியும் போய்விடும் என்றார்கள். ஆஸ்பத்திரிக்குப் போனால் போலீசு வரும் என்று வாலாஜாபாத் கட்டு வைத்தியரிடம் என்னைத் தூக்கிக்கொண்டு ஓடினான். என் எடைக்கு அதுவே கடுங்காவல் தண்டனை.

25.3, திங்கள்
நரசிம்மன் பெண்டாட்டி மீனம்மாள் தினமும் ஆட்டுக்கால் சூப்பு கொண்டுவருகிறாள். பால்காரி கங்கம்மாள் ஊர்ச் சட்டம் ஓதினாள்: "சூப்பு குடிச்சிகினே கீறியே, அப்பால கேசு போட முடியாது. குடிச்சா ராஜியாயிட்டேன்னு அர்த்தம்."

யார் கேசு போடப் போகிறார்கள்? குடித்தேன்.

2.5
கட்டைப் பிரித்தார்கள். கால் வெளியே வந்தது. கோணலாக.

10.6, திங்கள்
செங்கல்பட்டு பெரியாஸ்பத்திரி. எலும்பு தப்பாகக் கூடிவிட்டதாம். மறுபடி உடைத்துத் தகடு வைக்க வேண்டும், இல்லாவிட்டால் ஆயுசுக்கும் கோல். வைத்தாலும் ஆறு மாதம் நிற்கக் கூடாது. சம்பளமில்லாத ஆறு மாதம். அடுப்பு முன்னால் நின்றுதானே என் பிழைப்பு? நல்லவளா இருக்கப் போயி - இன்னா பண்ணுவேன் நான்?

24.6
காஞ்சிபுரத்தில் வக்கீல் யாக்கோபுவைப் பார்த்தேன். நஷ்டஈடு தருவது நரசிம்மன் இல்லையாம், இன்சூரன்ஸ் கம்பெனியாம். லாரியை யாரும் பிடுங்கமாட்டார்களாம். இந்த மாதிரி கேசில் பெரும்பாலும் அபராதத்தோடு விட்டுவிடுவார்களாம். நாலு மாதமாக ஊரே கூடி எனக்குச் சொன்னதில் ஒன்றுகூடத் தேறவில்லை.

சூப்பைப் பற்றியும் கேட்டேன். மனிதர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"நல்லா குடிங்கம்மா. ஆனா கெணத்தடின்னு கைப்பட எழுதிக் குடுத்திருக்கீங்களே. இடிச்சவரே ஸ்டேஷன்ல வந்து ஒத்துக்கிட்டாத்தான் கேசு நிக்கும். இடிச்ச நாள்லேர்ந்து ஆறு மாசத்துக்குள்ள மனு போடணும்."

ஆகஸ்ட் பதினொன்று வரை.

26.6
மீனம்மாளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கிண்ணத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு கேட்டாள்.

"அவர உள்ள தள்றதுக்கா இத்தினி நாளா எங்க வூட்டு சூப்ப குடிச்சிகினு இருந்தே?"

ஜெயில் இல்லை, கம்பெனிதான் கொடுக்கும் என்றேன்.

"ஊரான் காலுக்கு எந்த கம்பெனிக்காரன்க்கா துட்டு குடுப்பான்?"

மூன்று நாளுக்கு முன் கேட்டிருந்தால் நானும் அதையேதான் சொல்லியிருப்பேன்.

27.6
சூப்பு வரவில்லை.

19.7
நரசிம்மன் லாரியைத் தெருமுனையிலேயே நிறுத்துகிறான். என் வாசலைத் தாண்ட வேண்டாமே. கோலை ஊன்றி ஊன்றி உள்ளங்கை காய்த்துவிட்டது. அலுப்பாக இருக்கிறது. கேலி பேசக்கூட.

6.8, செவ்வாய்
காலையில் நரசிம்மன் வந்தான். படியேறவில்லை.

"லாரிய ரிவர்ஸ் எடுக்கும்போதெல்லாம் பின்னால நீ நிக்கற மாதிரியே கீதுக்கா. ஜெயிலுன்னா ஜெயிலு. வா, ஸ்டேஷனுக்குப் போலாம்."

ஜெயில் இல்லடா என்றேன். நம்பவில்லை. கையில் ஒரு மஞ்சள் பை - இரண்டு வேட்டி, துண்டு, பல்பொடி, ஒரு போர்வை.

அந்த லாரியின் முன் சீட்டிலேயே என்னைத் தூக்கி உட்காரவைத்தான்.

9.8
மனு போட்டாயிற்று. கிணற்றடிப் பொய்யையும் எழுதிக் கொடுத்துத் திருத்தினேன். ஆபீசில் என்ன திட்டு விழுமோ. கம்பெனி கொடுக்க வருஷக்கணக்கில் ஆகுமாம், கொடுத்தால். நரசிம்மன் ஸ்டேஷனில் ஒத்துக்கொண்ட அன்று சாயங்காலமே ஜாமீனில் வந்துவிட்டான். ஆனாலும் மஞ்சள் பை பிரிக்காமல் ஆணியிலேயே தொங்குகிறதாம். கங்கம்மாள் தகவல்.

12.8, திங்கள்
மீனம்மாள் வந்தாள். கிண்ணத்தை வைத்துவிட்டு, நான் குடிக்கும்வரை நின்றாள்.

உப்புக் கரித்தது. முழுக்கக் குடித்தேன்.